இரண்டாம் நாள் சட்டை

பிப்ரவரி 3, சனி

ஜவுளிக்கடைக்காரன் கொடுத்த டைரி. பக்கத்துக்குப் பக்கம் ஒரு பட்டுப்புடவை விளம்பரம். ஜனவரி முழுக்க எழுத ஒன்றும் நடக்கவில்லை. இன்று நடந்துவிட்டது. ஓவியன் கான்சர்ட் படம் எனக்கே வந்துவிட்டது.

ஓவியன் என்பது பாடகன். வயது இருபத்தேழு. வீட்டில் வைத்த பெயர் சதீஷ்குமார். ஒரு கோடு நேராகப் போடத் தெரியாது, பெயர் மட்டும் ஓவியன். பதினேழு, பதினெட்டு இரண்டு நாள் நிகழ்ச்சி. இரண்டையும் சேர்த்து ஒன்றரை மணி நேரப் படமாக்கி ஓடிடி தளத்துக்குக் கொடுக்க வேண்டும்.

எனக்கு ஐம்பத்தெட்டு. இருபத்தாறு வருடங்களுக்கு முன்னால் சினிமாவைச் சாராத தமிழ்ப் பாட்டுக்கு வீடியோ எடுத்த நாலைந்து பைத்தியங்களில் நானும் ஒருவன். அப்புறம் சினிமாப் பாட்டு எல்லோரையும் விழுங்கிவிட்டது. கல்யாணம் எடுத்தேன், காதுகுத்து எடுத்தேன், கும்பாபிஷேகத்துக்குக் கோபுரத்தின் மேல் கேமராவோடு ஏறி வெயிலில் மயங்கினேன். இப்போது பொடியன்கள் ‘இண்டி மியூசிக்’ என்று நேற்றுத்தான் கண்டுபிடித்தது போலப் பேசுகிறார்கள். பேசட்டும். இது என் கடைசி வாய்ப்பு என்று எனக்குத் தெரியும். அவர்களுக்கும் தெரியும் என்பதுதான் எரிச்சல்.

நல்ல சேதி ஒன்று உண்டு. ஓவியன் குழுவில் டிரம்ஸ் வாசிப்பது செபஸ்தி. என் முதல் வீடியோவில் வாசித்த அதே தூத்துக்குடி செபஸ்தி. அந்த வீடியோவில் அவன் கை ஒரு ஷாட்டில்கூட வராது. மாடல் பெண்ணின் கூந்தலுக்கு இடம் வேண்டுமென்று நான்தான் வெட்டினேன். இன்றுவரை சொல்லிக் காட்டுகிறான்.

“ஏலேய் அறிவு, இதுலயாவது என் கையக் காட்டுவியால?”

“நாலு நிமிஷம் தனி ஆவர்த்தனம் உனக்கு. திரை முழுக்க உன் கைதான். சத்தியம்டா.”

“சத்தியமெல்லாம் நீயே வச்சுக்கோ. கேமராவ வை.”

சிலிண்டர் பதிவு செய்தேன். ஓடிபி வரவில்லை.

பிப்ரவரி 11, ஞாயிறு

ஓடிடி தளத்திலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள். இரண்டு நாளும் எல்லோரும் ஒரே உடையா, பார்க்கிறவர்களுக்குச் சலிப்பாக இருக்காதா என்று கேட்டாள். சம்பளம் வாங்கிக்கொண்டு கேட்கிற கேள்வியா இது? பொறுமையாகச் சொன்னேன். முதல் நாள் தூரத்திலிருந்து எடுப்போம், மேடை முழுக்க, கூட்டம் முழுக்க. இரண்டாம் நாள் கேமராக்கள் மேடைமேல் ஏறிவிடும். முகம், கை, விரல், கம்பி, வியர்வை எல்லாம் அன்றைக்கு. அப்புறம் இரண்டையும் வெட்டிக் கலந்து ஒரே நாள் நடந்தது போலக் காட்டுவோம். ஒருவன் சட்டை மாறினாலும் குட்டு உடைந்துவிடும். அதனால் அதே சட்டை, அதே செருப்பு, அதே தாடி.

“அப்போ இது பொய்யா சார்?” என்றாள்.

“கான்சர்ட் படம்னாலே அதான்மா,” என்றேன்.

பிப்ரவரி 14, புதன்

உடை அளவு பார்த்தோம். மயில்கழுத்து நீலம், மணிக்கட்டில் வெள்ளி நூல் வேலை. நூல் வேலைக்காரன் இழுத்தடித்ததில் ஆளுக்கு ஒரு சட்டைதான் தேறியது. இரண்டு இரண்டாகத் தைப்பதுதான் முறை. உடைப் பொறுப்பிலிருக்கும் கோமதி கையைப் பிசைந்தாள். இரவே துவைத்துக் காயப்போட்டுக்கொண்டு வரச் சொல்லிவிட்டேன்.

செபஸ்தி நெற்றியில் சாம்பல் சிலுவையோடு வந்தான். சாம்பல் புதன். கூடவே அவன் மனைவி ரெஜினா. கொடுத்த பிரியாணியைத் தவக்காலம் என்று தொடாமல் இரண்டு பேரும் வாழைப்பழம் தின்றார்கள். சட்டையைப் போட்டுக்கொண்டு கண்ணாடி முன்னால் முன்னும் பின்னும் திரும்பிப் பார்த்தான்.

“மாப்பிள்ள மாதிரி இருக்கேன்ல?”

“எங்க கல்யாணத்துக்கே இரவல் கோட்டுதாண்ணே,” என்றாள் ரெஜினா. “இப்பத்தான் அவுக அளவுக்குன்னு ஒருத்தர் தச்சுக் குடுக்காக.”

பிப்ரவரி 17, சனி

அடடா, அடடா. மற்றதை நாளைக்கு எழுதுகிறேன்.

இல்லை, இதை மட்டும் எழுதிவிட வேண்டும். ஒன்பதாவது பாட்டு முடிந்ததும் தனி ஆவர்த்தனம். இருபதாயிரம் பேர் போனைக் கீழே இறக்கிவிட்டார்கள். படம் பிடிக்க மறந்து நிற்கிற கூட்டத்தை இந்தக் காலத்தில் பார்த்திருக்கிறீர்களா? செபஸ்தி வாசிக்கவில்லை, இத்தனை வருடத்துக்கும் சேர்த்துக் கணக்குத் தீர்த்தான். சவுண்ட் இன்ஜினியர் ஹெட்போனைக் கழற்றிவிட்டு, “இதுக்கு மேல நாளைக்கு வராது சார், சத்தம் இன்னைக்கு உள்ளதையே வெச்சுக்கலாம்,” என்றான். சரி என்றேன். கை நாளைக்கு. மூன்று கேமரா அவன் கைக்கு மட்டும்.

பிப்ரவரி 18, ஞாயிறு

காலை ஒன்பது. செபஸ்தி போன். சட்டை விஷயமாக. வருகிறான். இரண்டாவது ஜெனரேட்டர் இன்னும் வரவில்லை, கத்தித் தீர்த்தேன்.

பிப்ரவரி 19, திங்கள்

நடந்ததை வரிசையாக எழுதிவிடுகிறேன்.

ஐந்தாவது பாட்டில் செபஸ்தியின் வலது கையிலிருந்து குச்சி விழுந்தது. சிரித்துக்கொண்டே வேறொன்றை எடுத்தான். அதுவும் விழுந்தது. இடது கையாலேயே பாட்டை முடித்தான். எழுந்திருக்கப் பார்த்தான், முடியவில்லை. விளக்கை அணைக்கச் சொல்லி, நாலு பேர் அவனைப் பின்பக்கம் தூக்கிப் போனார்கள். வாய் ஒரு பக்கம் இறங்கியிருந்தது. மைதானத்திலேயே ஆம்புலன்ஸ் நின்றது, நல்லவேளை.

அன்று ஓவியனுக்கு முன்னால் மேடையேறிய குழுவில் ரூபன் என்று ஒரு பையன். எல்லாப் பாட்டும் அவனுக்குத் தெரியும், எங்களுக்கு மாற்று ஆள் அவன்தான். சட்டையை ரூபனுக்குப் போட்டார்கள். ஆறாவது பாட்டு நாலு நிமிடத் தாமதம், அவ்வளவுதான். கூட்டத்துக்கு ஒன்றும் தெரியாது.

நான் ஆம்புலன்ஸில் போகவில்லை. ஒன்பது கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போது நான் எப்படிப் போவேன்? ஓவியனின் மேனேஜர் போனார்.

பக்கவாதம். உயிருக்கு ஆபத்தில்லை என்கிறார்கள்.

பிப்ரவரி 20, செவ்வாய்

ஆஸ்பத்திரி. கண்ணாடி வழியாகப் பார்த்தேன். டாக்டர் சின்னப் பெண். படபடவென்று பேசுகிறாள். மூளையின் இடது பக்கம் அடைப்பு, அதனால் வலது கையும் காலும் பேச்சும் போயிருக்கிறதாம்.

“இது திடீர்னு வந்த மாதிரி தெரியலை. காலையிலேயே கை மரத்துப் போறது, விரல் மடங்காம இருக்கறதுன்னு ஏதாவது இருந்துதா? அப்பவே கொண்டு வந்திருந்தா இவ்வளவு தூரம் போயிருக்காது.”

“எனக்குத் தெரியாதும்மா,” என்றேன்.

ரெஜினா சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள். டாக்டர் போனதும் கேட்டாள்.

“சட்டை எங்கண்ணே? வெறும் பனியனோட கொண்டாந்து போட்டிருக்காக.”

“அங்கதாம்மா இருக்கும். எடுத்து வைக்கச் சொல்றேன்.”

“காலைல உங்களுக்குப் போன் போட்டாகளே. என்ன சொன்னாக?”

“சட்டையப் பத்தித்தான். கஞ்சி போடலாமான்னு கேட்டான்.”

அவள் தலையை ஆட்டினாள். கஞ்சி எப்படி என் வாயில் வந்தது என்று தெரியவில்லை. திரும்பும் வழியில் கார் பேட்டரி செத்துப்போனது.

மார்ச் 5, செவ்வாய்

செபஸ்தியை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். பெரம்பூரில் இரண்டாவது மாடி, லிஃப்ட் கிடையாது. நாற்காலியோடு தூக்கினோம்.

பேச்சு போய்விட்டது, ஆனால் ஒரே ஒரு சொல் மிச்சமிருக்கிறது. “சரிலே.” காபி வேண்டுமா? சரிலே. வலிக்கிறதா? சரிலே. பங்குத்தந்தை வந்து நெற்றியில் சிலுவை போட்டார், அவரிடமும் சரிலே. சாமியாரே சிரித்துவிட்டார். மூளை அடிபட்டால் சில பேருக்கு இப்படி ஒரு சொல் மட்டும் மாட்டிக்கொண்டு நின்றுவிடுமாம். ஏன் அந்தச் சொல் என்று டாக்டருக்கும் தெரியாதாம்.

நான் கிளம்பும்போது என் கையைப் பிடித்துக்கொண்டு, “சரிலே,” என்றான். மாடிப்படியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு இறங்கினேன். முட்டிவலி.

மார்ச் 9, சனி

வளசரவாக்கத்தில் ஒரு ஸ்டுடியோ எடுத்து, பின்னால் கறுப்புத் துணி கட்டி, கை ஷாட் எடுத்தோம். ஓடிடிக்காரர்கள் முதல் நாள் தனி ஆவர்த்தனத்தின் ஒலியைக் கேட்டுவிட்டு, டிரெய்லரே அதுதான் என்கிறார்கள். ஒலி இருக்கிறது, கை இல்லை. ரூபனுக்கு அந்த நீலச் சட்டையைப் போட்டு, செபஸ்தியின் ஒலியை ஓடவிட்டு, அதன்மேல் வாசிப்பது போல நடிக்கச் சொன்னேன். நன்றாகச் செய்தான். இரண்டு வாரம் அதையே கேட்டு மனப்பாடம் செய்திருக்கிறான்.

டீ இடைவேளையில் ரூபன் சொன்னான்: “சட்டை எனக்கு அளவெடுத்த மாதிரி இருக்கு சார். அன்னைக்கு நீங்க காலையிலயே ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, நான் ஃபுல்லா ரிகர்சல் பண்ணிட்டு வந்திருப்பேன். அண்ணன் வீட்ல ரெஸ்ட் எடுத்திருக்கலாம்.”

டீ ஆறிப்போயிருந்தது. வேறு கேட்டேன்.

மார்ச் 21, வியாழன்

எடிட்டர் பானு. வேலையில் கெட்டிக்காரி, வாய் ரொம்பக் குறைவு. அதனால்தான் அவளைப் பிடிக்கும். இன்று அவள் வாய் திறந்தாள்.

“சார், கன்டினியூட்டி தப்பு ஒண்ணு இருக்கு.”

பெரிதாக்கிக் காட்டினாள். ரூபனின் வலது மணிக்கட்டு. சட்டையின் கைப்பட்டியில் பட்டன் போடவில்லை. பட்டன் அப்படியே இருக்கிறது, அதற்குப் பக்கத்தில் ஒரு ஊக்கு குத்தியிருக்கிறது. சாதாரண ஊக்கு, பெண்கள் புடவைக்குக் குத்துவது. முதல் நாள் மேடையில் எடுத்த புகைப்படத்தில் அதே இடத்தில் பட்டன் ஒழுங்காகப் போட்டிருக்கிறது.

“ரூபன் குத்தியிருப்பான்,” என்றேன்.

“கேட்டேன் சார். அவர் இல்லையாம். சட்டையைக் கொடுக்கும்போதே குத்தியிருந்துச்சாம். பதினெட்டாம் தேதி முதல் பாட்டுலயே இருக்கு, பாருங்க. செபஸ்தி சார் மேடை ஏறும்போதே ஊக்குதான்.”

இன்னும் பெரிதாக்கினாள். “பட்டன் நல்லாத்தானே சார் இருக்கு. எதுக்கு ஊக்கு?”

கிராபிக்ஸில் அழித்துப் பட்டன் வைத்துவிடச் சொன்னேன். எத்தனை ஷாட்டில் தெரிகிறது என்று எண்ணிப் பன்னிரண்டு என்றாள்.

“இல்லேன்னா தனி ஆவர்த்தனத்தை முதல் நாள் தூர ஷாட்லயே விட்டுடலாம் சார். நாலு நிமிஷமும் வெட்டே இல்லாம. அவர் தெரியறாரே.”

“கட்டைவிரல் அளவு தெரியறான். யார்மா பார்ப்பா?”

“அது அவர்தானே சார்,” என்றாள்.

இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு எல்லாவற்றிலும் ஒரு கருத்து. அழி என்றால் அழிக்க வேண்டியதுதானே?

மார்ச் 22, வெள்ளி

தூக்கம் சரியில்லை. சர்க்கரை 240.

மார்ச் 31, ஞாயிறு

ஈஸ்டர். பெரம்பூர் போனேன். ரெஜினா கறிக்குழம்பு வைத்திருந்தாள். செபஸ்திக்கு இடது கையால் பிசைந்து சாப்பிடப் பழக்குகிறாள். சட்டையெல்லாம் குழம்பு. துடைத்துவிட்டுக்கொண்டே இருந்தாள், முகம் சுளிக்கவில்லை. இந்த வீட்டில் நான் எத்தனை ஈஸ்டருக்குச் சாப்பிட்டிருக்கிறேன். கறியை இலை ஓரமாக ஒதுக்கிவைத்தேன்.

“படம் எப்பண்ணே வருது?”

“மே கடைசியில.”

“அவுக கை வருதா?”

“வருது. நாலு நிமிஷம்.”

செபஸ்தி என்னைப் பார்த்து, “சரிலே!” என்றான். சந்தோஷமாகத்தான் சொன்னான்.

பாத்திரம் எடுத்துக்கொண்டு உள்ளே போனவள் வாசலில் நின்றாள். “அன்னைக்குக் காலைல கஞ்சியப் பத்தி மட்டுந்தான் கேட்டாகளாண்ணே?”

“ஆமா ரெஜினா. ஏன்?”

“சும்மாதான்,” என்றாள்.

ஏப்ரல் 17, புதன்

இனி ஒரு வெட்டும் மாற்றமில்லை என்று பூட்டிய படத்தைப் பானு காட்டினாள். ஒன்றரை மணி நேரம். நன்றாக வந்திருக்கிறது. வாய்விட்டுச் சொல்கிறேன், என் வாழ்க்கையில் நான் செய்ததிலேயே இதுதான் உருப்படி. தனி ஆவர்த்தனம் வரும்போது ஓடிடிப் பெண் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டாள். “அந்தக் கைகள்!” என்றாள். எந்தக் கைகள் என்று நான் சொல்லவில்லை.

கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலில் டிரம்ஸ்: செபஸ்தி. ரூபன் பெயர் இல்லை. ரூபனே வேண்டாமென்றான். “அண்ணன் படம் சார் அது,” என்றான். எல்லோருக்கும் என்னைவிட நல்ல மனசு.

ஏப்ரல் 18, வியாழன்

பிப்ரவரி 19-ம் தேதிப் பக்கத்தைப் புரட்டிப் பார்த்தேன். “சட்டையை ரூபனுக்குப் போட்டார்கள்” என்று எழுதியிருக்கிறேன். போட்டார்கள் இல்லை. நான்தான் கழற்றினேன்.

ஸ்ட்ரெச்சரில் கிடந்தான். ஆம்புலன்ஸ்காரர் கதவைத் திறந்துவிட்டார். ஒரு நிமிஷம் என்றேன். இடது கையை உருவினேன், அப்புறம் வலது. வலது கை கனத்துத் தொங்கியது. மணிக்கட்டில் ஏதோ சுருக்கென்று குத்தியது, என் விரலில் ரத்தம் வந்தது. என்னவென்று பார்க்க நேரமில்லை. அவன் என்னைப் பார்த்துக்கொண்டேதான் இருந்தான். பனியனில் சின்னதாக ஓர் ஓட்டை. அதைப் பார்த்தது மட்டும் நன்றாக ஞாபகம் இருக்கிறது.

எழுதிவிட்டேன். போதும்.

மே 9, வியாழன்

தண்ணீர் லாரி வரவில்லை. பக்கத்து வீட்டுக்காரரோடு சண்டை.

மே 22, புதன்

சாலிகிராமம் பிரிவியூ தியேட்டரில் குழுவினருக்கும் குடும்பங்களுக்கும் போட்டுக் காட்டினோம். வெளியான பிறகு வீட்டில் பார்த்துக்கொள்ளலாமே, படி ஏற இறங்கச் சிரமம் என்று ரெஜினாவிடம் இரண்டு முறை சொன்னேன். “அவுக பெரிய திரையிலதான் பாக்கணும்ணே,” என்றாள். சர்ச்சுக்குப் போகிற மாதிரி உடுத்திக்கொண்டு வந்திருந்தாள். செபஸ்திக்குத் தலை வாரி, பவுடர் போட்டு, சக்கர நாற்காலியில் நடைபாதையில் நிறுத்தினாள். நான் பின்வரிசையில் போய் உட்கார்ந்தேன், அவர்கள் முகம் தெரியாத இடமாகப் பார்த்து.

ஒன்பதாவது பாட்டு முடிந்தது. கறுப்புப் பின்னணி. கை.

ஐந்து விநாடிகூட ஆகியிருக்காது. ரெஜினா சத்தமாகவும் இல்லாமல், மெதுவாகவும் இல்லாமல் சொன்னாள்: “இது அவுக கை இல்ல.”

யாரும் திரும்பவில்லை. கைதட்டலில் கேட்டிருக்காது. செபஸ்தி நாற்காலிப் பிடியில் இடது கையால் தட்டிக்கொண்டிருந்தான். திரையில் வருகிற அத்தனை அடியும், ஒன்றுகூடப் பிசகாமல். ரூபன் மனப்பாடம் செய்தது, இவனுக்கு உடம்பிலேயே இருக்கிறது.

மூன்றாவது நிமிடத்தில் ஒரு ஷாட், இரண்டு விநாடி இருக்கும். மணிக்கட்டு திரை அளவுக்கு நிற்கிறது. ஊக்கு. பளபளவென்று ஊக்கு! பன்னிரண்டில் பதினொன்றைத்தான் அழித்திருக்கிறார்கள்.

விளக்கு போட்டதும் பானுவைப் பிடித்தேன். என்னம்மா இது என்றேன்.

“மறந்துட்டேன் சார்,” என்றாள். கண்ணை என் முகத்திலிருந்து எடுக்கவே இல்லை. மூன்று வருடமாக என்னோடு வேலை செய்கிறாள். ஒரு ஃபிரேம்கூட மறந்தவளில்லை.

வாசலில் ரெஜினா ஆட்டோவுக்குக் காத்திருந்தாள். நான் பக்கத்தில் போய் நின்றேன். ஏதாவது சொல்லுவாள் என்று பார்த்தேன். திட்டினால் தேவலை என்றிருந்தது.

“சட்டை பத்திரமாத்தான் இருக்கு போல,” என்றாள்.

அண்ணே என்று சொல்லவில்லை.

மே 26, ஞாயிறு

நேற்று கோமதியிடம் போய்ச் சட்டையை வாங்கினேன். பாலித்தீன் உறையில் பெயர் எழுதி வைத்திருந்தாள். துவைக்கவில்லை. ஊக்கு அப்படியே இருந்தது.

காலை பதினொரு மணிக்குப் பெரம்பூர். பூசை முடிந்து வந்திருந்தார்கள். செபஸ்தி ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தான். ரெஜினா கதவைத் திறந்தாள், என் கையிலிருந்த உறையைப் பார்த்தாள், உள்ளே போய் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டாள். நான் உட்காரவில்லை.

“ரெஜினா, அன்னைக்குக் காலைல அவன் கஞ்சியப் பத்திக் கேக்கல.”

நான் சொன்னேன். இந்த டைரியில்கூட எழுதாததை அவன் முன்னாலேயே சொன்னேன். இங்கேயும் எழுதிவிடுகிறேன். என்ன கெட்டுவிடப் போகிறது இனி?

அவன் சொன்னது: “ஏலேய் அறிவு, வலது கை மரத்துக் கெடக்குல. விரலு மடங்க மாட்டேங்கி. வாய்கூடக் கோணுற மாதிரி இருக்குன்னு ரெஜினா சொல்லுதா. ஆஸ்பத்திரிக்குப் போயிட்டு என்னன்னு கேட்டுட்டு வாரேன்.”

நான் சொன்னது: “ஞாயித்துக்கிழமை எவன்டா டாக்டர் இருப்பான்? நேத்து அந்த அடி அடிச்சா கை மரக்காம என்ன செய்யும்? உள்ள போனா ஸ்கேன் அது இதுன்னு படுக்கப் போட்டுருவானுங்க. இன்னைக்கு நீ வரலேன்னா நேத்து எடுத்தது அத்தனையும் குப்பைடா. சட்டை வேற ஒண்ணே ஒண்ணு, அது உன்கிட்ட இருக்கு. இருபத்தாறு வருஷமா கையக் காட்டு, கையக் காட்டுன்னு உயிரை வாங்கினே இல்ல? வா. முடிச்சிட்டு நானே கூட்டிட்டுப் போறேன்.”

அப்புறம் சொன்னான்.

“சரிலே.”

பேச்சு ஒழுங்காக இருந்தபோது அவன் என்னிடம் சொன்ன கடைசிச் சொல் அதுதான். அதுதான் மாட்டிக்கொண்டு நிற்கிறது. மூன்று மாதமாக அவன் வாயைத் திறக்கும்போதெல்லாம் நான் அதைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

இன்னொன்றையும் சொன்னேன். அவன் வந்திருக்கவே வேண்டாம். இரண்டாம் நாள் அவன் வாசித்த ஐந்து பாட்டில் ஒரு ஷாட்கூடப் படத்தில் இல்லை, கை தடுமாறுகிறது என்று தள்ளிவிட்டேன், எல்லாம் ரூபன்தான். சட்டையை மட்டும் யாரிடமாவது கொடுத்து அனுப்பியிருந்தால் போதும். அந்தச் சட்டையையும் நான்தான் ஸ்ட்ரெச்சரில் வைத்து உருவினேன். சொல்லி முடித்துவிட்டு, அடி வாங்கத் தயாராக நிற்கிறவன் போல நின்றேன்.

ரெஜினா முந்தானையால் முகத்தைத் துடைத்தாள். அழவில்லை, வேர்வை.

“போனக் கையில பிடிக்க முடியல அவுகளுக்கு,” என்றாள். “கட்டில்ல போட்டு ஸ்பீக்கர்லதான் பேசுனாக.”

எனக்கு முதலில் உறைக்கவில்லை. அப்புறம் உறைத்தது. ஆஸ்பத்திரியில் அவள் கேட்டபோதும் தெரியும். ஈஸ்டர் அன்று கேட்டபோதும் தெரியும். கஞ்சி என்று நான் சொன்னபோது தலையை ஆட்டினாளே, அப்போதும்.

“அப்போ ஏன் ரெஜினா…”

“நீங்களாச் சொல்லுவீகன்னு பாத்தேன். ரெண்டு தடவ வாய்விட்டுக் கேட்டேன்.”

உறையைப் பிரித்துச் சட்டையை மடியில் விரித்தாள். வலது கைப்பட்டியைத் தேடி எடுத்தாள்.

“பட்டன் போட வரலேன்னாக. விரலு நிக்கல. அப்பமே நான் வேண்டாம்னு சொல்லியிருக்கணும். உங்க மேல கோவம்தான், இல்லேன்னு சொல்ல மாட்டேன். சாகுற மட்டும் இருக்கும். ஆனா எனக்கும் அன்னைக்கு அவுக கை திரையில வரணும்னு ஆச இருந்துச்சு. நீங்க வான்னு கூப்பிட்டீக. நான் ஊக்கு குத்தி அனுப்பி வச்சேன்.”

ஊக்கைக் கழற்றினாள். வளைந்திருந்தது, பல்லால் கடித்து நிமிர்த்தினாள். தன் புடவையில், தோள்பட்டையில் குத்திக்கொண்டாள். சட்டையை மறுபடி மடித்து, உறையில் போட்டு, என்னிடம் நீட்டினாள்.

“ஊக்கு என்னோடது. சட்டை உங்களோடது.”

வாங்கிக்கொண்டேன். என்ன செய்வது? ஜன்னலோரம் பார்த்தேன். செபஸ்தி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டுதான் இருந்தான். கண்ணில் நீர். வாயைத் திறந்தான். வேண்டாம்டா, சொல்லாதே என்று நினைத்தேன்.

“சரிலே,” என்றான்.

மே 27, திங்கள்

ஓடிடி அலுவலகத்தில் பேசினேன். தனி ஆவர்த்தனத்தை மட்டும் முதல் நாள் தூர ஷாட்டுக்கு மாற்றிக்கொள்ளலாமா, அது அவனே வாசித்தது என்று கேட்டேன். படம் பூட்டியாகிவிட்டது, டிரெய்லர் வெளியாகிவிட்டது, கைதான் சார் ஹைலைட்டே என்றார்கள். ஊக்கு ஷாட்டை மட்டும் எடுத்துவிடலாமா என்று அவர்களாகவே கேட்டார்கள். வேண்டாம், இருக்கட்டும் என்றேன்.

மே 31, வெள்ளி

வெளியாகிவிட்டது. தனி ஆவர்த்தனத்தைத் துண்டாக வெட்டி எல்லோரும் பகிர்கிறார்கள். ஒருவன் எழுதியிருக்கிறான்: “டிரம்ஸ் அண்ணன் கைக்கு மட்டும் தனி ரசிகர் மன்றம் வைக்கணும்டா.” அதற்குக் கீழே நாலாயிரம் இதயம்.

காலையிலிருந்து பதினேழு பேர் போன் செய்து வாழ்த்தினார்கள். பெரம்பூரிலிருந்து ஒன்றும் இல்லை. சட்டை இன்னும் காரின் பின்சீட்டில் கிடக்கிறது. சிலிண்டர் தீர்ந்துவிட்டது, பதிவு செய்ய வேண்டும்.